கன்சென்ட் ரத்தானால் எந்தக் கதவைத் தட்டுவது? நீலகிரித் தொழிற்கூடங்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

கோத்தகிரிப் பக்கம் ஒரு தேயிலை ஃபேக்டரியில் நான் கணக்கு எழுதிக்கொண்டிருந்த காலம். மே மாதம், கொழுந்து குவிகிற நேரம். மாலை நான்கு மணிக்கு மின்வாரிய ஜீப் வந்தது. இணைப்பைத் துண்டித்தார்கள், ஒரு தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டு போய்விட்டார்கள். மாடியில் இலை வாடவைக்கும் தொட்டிகளில் ஓடிக்கொண்டிருந்த விசிறிகள் ஒவ்வொன்றாக நின்றன. கொஞ்ச நேரம் கழித்து இலைக்குள் கையை விட்டுப் பார்த்தேன், வெதுவெதுப்பாக இருந்தது. ராத்திரிக்குள் அடியிலிருந்த இலை சூடேறிச் சிவந்து, புளித்த வாடை வர ஆரம்பித்தது. அத்தனையும் சுற்றியுள்ள ஹட்டிகளின், அதாவது படகர் ஊர்களின், சிறு விவசாயிகள் அன்று காலை பறித்துக் கொண்டுவந்து போட்டது.

அன்று இரவு முதலாளியின் மேசை இழுப்பறையைத் துழாவியபோது, மூன்று மாதங்களுக்கு முன் மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்திலிருந்து வந்த உறை பிரிக்கப்படாமலே கிடந்தது. உள்ளே இருந்தது காரணம் கேட்கும் அறிவிப்பு. பதில் சொல்லப் பதினைந்து நாள் கொடுத்திருந்தார்கள்.

நான் வழக்கறிஞர் இல்லை. அந்த இரவுக்குப் பிறகு, மலையில் இருக்கும் சிறு தொழிற்கூடங்களுக்கு வாரியக் காகிதங்களைப் படித்துச் சொல்வதும், சரியான வழக்கறிஞரிடம் கூட்டிப்போவதும் என் வேலையாகிவிட்டது. தேயிலை ஃபேக்டரி, கேரட் கழுவும் கூடம், தைலம் காய்ச்சுகிற இடம், விடுதி என்று எல்லாத் தரப்பும் வருகிறார்கள். எல்லோரிடமும் நான் சொல்வது ஒன்றுதான். வழக்கின் பாதி, உத்தரவு கைக்கு வந்த முதல் முப்பது நாளில் முடிந்துவிடும். மீதிப் பாதி உங்கள் கழிவுநீர்த் தொட்டியில் இருக்கிறது.

முதல் படி: கையில் இருப்பது எந்தக் காகிதம்?

கன்சென்ட் என்பது ஆலையை நடத்த வாரியம் தரும் இசைவாணை. "கன்சென்ட் கேன்சல் ஆயிடுச்சு" என்று வருகிறவர்களில் பலரிடம் இருப்பது ரத்து உத்தரவே இல்லை. நான்கு விதமான காகிதங்கள் உண்டு. ஒவ்வொன்றுக்கும் வழி வேறு.

ஒன்று, காரணம் கேட்கும் அறிவிப்பு. இது உத்தரவு அல்ல, கேள்வி. இதை எதிர்த்து நேரே நீதிமன்றம் போனால், "முதலில் பதில் சொல்லுங்கள்" என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள். ஒரு விதிவிலக்கு உண்டு. அறிவிப்பிலேயே "நீங்கள் குற்றம் செய்துவிட்டீர்கள்" என்று முடிவு கட்டி எழுதியிருந்தால் அது செல்லாது என்று 2010-இல் ஓரிக்ஸ் ஃபிஷரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

இரண்டு, புதுப்பிக்க மறுக்கும் ஆணை. மூன்று, காலம் முடியும் முன்பே இசைவாணையை ரத்து செய்யும் ஆணை. இவை 1974-ஆம் ஆண்டு தண்ணீர்ச் சட்டத்தின் 25 முதல் 27 வரையிலான பிரிவுகளின் கீழும், 1981-ஆம் ஆண்டு காற்றுச் சட்டத்தின் 21-ஆம் பிரிவின் கீழும் வரும். காற்றுச் சட்டம் ஒன்றைத் தெளிவாகவே எழுதி வைத்திருக்கிறது. ரத்து செய்வதற்கு முன், மறுப்பதற்கு முன், உங்கள் தரப்பைச் சொல்ல நியாயமான வாய்ப்பு தர வேண்டும்.

நான்கு, மூடல் உத்தரவு. தண்ணீர்ச் சட்டம் 33-ஏ, காற்றுச் சட்டம் 31-ஏ. ஆலையை மூடவும், மின்சாரத்தையும் தண்ணீரையும் துண்டிக்கவும் வாரியத்துக்கு அதிகாரம் தருபவை இவைதான். ஜீப் வந்தது இந்தக் காகிதத்தை வைத்துத்தான்.

பெரும்பாலும் தண்ணீருக்கு ஒன்று, காற்றுக்கு ஒன்று என்று இரண்டு இசைவாணைகள் இருக்கும். ஒன்றை எதிர்த்துவிட்டு மற்றதை மறந்து போனவர்களைப் பார்த்திருக்கிறேன். ஆணையின் தலைப்பில் இருக்கும் பிரிவு எண்ணைச் சிவப்பு மையில் கோடிட்டுக்கொண்டு மேலே படியுங்கள்.

இரண்டாம் படி: நாளை எண்ணுங்கள்

ஆணை உங்களுக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து முப்பது நாள். வாரிய ஆணைகளை எதிர்த்து முறையிடும் மேல்முறையீட்டு ஆணையத்துக்கும் இதுதான் கணக்கு, சுற்றுச்சூழல் வழக்குகளை விசாரிக்கும் தேசிய பசுமைத் தீர்ப்பாயத்துக்கும் இதுதான் கணக்கு. வித்தியாசம் தாமதத்தில் வருகிறது. ஆணையம், போதுமான காரணம் இருந்தால் தாமதத்தை மன்னிக்கலாம். தீர்ப்பாயம் கூடுதலாக அறுபது நாள்தான் மன்னிக்க முடியும். தொண்ணூற்றொன்றாவது நாள் போனால், வீட்டில் சாவே விழுந்திருந்தாலும் சட்டம் இடம் தராது.

தபால் உறையைத் தூக்கிப் போடாதீர்கள். முத்திரையிலுள்ள தேதிதான் உங்கள் சாட்சி. வாரியத்தின் இணையதளத்தில் உங்கள் கணக்குக்குள்ளும், பதிவு செய்த மின்னஞ்சலுக்கும் ஆணை வந்திருக்கலாம். மலையில் பாதி பேர் கன்சென்ட் விண்ணப்பத்தை குன்னூரிலோ ஊட்டியிலோ ஒரு கணினிக் கடையில் போட்டிருப்பார்கள். கடைக்காரரின் மின்னஞ்சல் முகவரியே பதிவாகியிருக்கும். இன்றைக்கே அதை மாற்றி உங்கள் சொந்த முகவரியைப் போடுங்கள்.

அதே நாளில் இன்னொரு வேலை. உங்கள் ஆலையைப் பற்றிய ஆய்வு அறிக்கை, மாதிரிப் பரிசோதனை முடிவு, அலுவலகக் குறிப்பு எல்லாவற்றின் நகலும் கேட்டு மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளருக்கு ஒரு கடிதமும், தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனுவும் கொடுங்கள். தகவல் உரிமைச் சட்டமும் பதில் தர முப்பது நாள்தான் கொடுக்கிறது. பத்து நாள் கழித்து மனு போட்டால் பதில் உங்கள் கெடு தாண்டித்தான் வரும்.

மூன்றாம் படி: எந்தக் கதவு?

மறுப்பு ஆணையோ ரத்து ஆணையோ வந்தால், தண்ணீர்ச் சட்டம் 28, காற்றுச் சட்டம் 31 ஆகிய பிரிவுகளின் கீழ் சென்னையிலுள்ள மேல்முறையீட்டு ஆணையத்துக்குப் போக வேண்டும். அங்கே தோற்றால்தான் தேசிய பசுமைத் தீர்ப்பாயம். தண்ணீர்ச் சட்டம் 33-ஏ பிரிவில் மூடல் உத்தரவு வந்தால் நேரே தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வுக்கே போகலாம். அதுவும் சென்னையில்தான்.

காற்றுச் சட்டம் 31-ஏ உத்தரவுக்கு அந்த நேர்வழி கிடையாது. 31-ஆம் பிரிவு, இந்தச் சட்டத்தின் கீழ் வாரியம் பிறப்பிக்கும் ஆணை என்று பரவலாகச் சொல்வதால், அந்த வழியாக ஆணையத்துக்குப் போய், பிறகுதான் தீர்ப்பாயம். வாரியம் பெரும்பாலும் 33-ஏ, 31-ஏ இரண்டையும் சேர்த்து ஒரே உத்தரவாகப் போடும். அப்படி வந்தால் அன்றைக்கே வழக்கறிஞரிடம் காட்டி, எந்தப் பகுதி எங்கே போகிறது என்று எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

கதவு மாறிப்போனால் என்ன ஆகும் என்பதற்குத் தமிழ்நாடே அறிந்த எடுத்துக்காட்டு தூத்துக்குடி ஸ்டெர்லைட். 2018 ஏப்ரலில் வாரியம் புதுப்பிக்க மறுத்தது. மே மாதம் அரசு நிரந்தரமாக மூட உத்தரவிட்டது. டிசம்பரில் பசுமைத் தீர்ப்பாயம் ஆலைக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 2019 பிப்ரவரி 18-ஆம் தேதி உச்ச நீதிமன்றம், அந்த வழக்கை விசாரிக்கவே தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் இல்லை என்று சொல்லித் தீர்ப்பை ரத்து செய்தது. ஆலை உயர் நீதிமன்றத்துக்குப் போனது. 2020 ஆகஸ்டில் அங்கே தோற்றது. 2024 பிப்ரவரி 29-இல் உச்ச நீதிமன்றத்திலும் தோற்றது. அவ்வளவு பெரிய நிறுவனத்துக்கும் கதவு தவறியது. நாலு சென்ட் கூடத்துக்கு அப்படி ஒரு சுற்று சுற்ற வசதி ஏது?

உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் ரிட் மனு எப்போது? வேறு வழி இருக்கும்போது உயர் நீதிமன்றம் பொதுவாக உள்ளே நுழையாது. உங்கள் தரப்பைக் கேட்காமலே உத்தரவு போட்டிருந்தால், அதிகாரமே இல்லாதவர் போட்டிருந்தால், அடிப்படை உரிமை மீறப்பட்டிருந்தால் நுழையும். 1998-இல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. பசுமைத் தீர்ப்பாயம் வந்துவிட்டதால் உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் போய்விடவில்லை என்று 2022-இலும் அதே நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நீலகிரிக்காரர்கள் ரிட் போடச் சென்னைக்குப் போக வேண்டும். கொடைக்கானல், திண்டுக்கல் மாவட்டம் என்பதால், அங்கிருப்பவர்களுக்கு மதுரைக் கிளை. ஆனால் மேல்முறையீடு என்றால் கொடைக்கானல்காரரும் சென்னைக்குத்தான் வர வேண்டும்.

உள்ளூர் உரிமையியல் நீதிமன்றத்தில் ஒரு ஸ்டே வாங்கித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் பணம் கொடுக்காதீர்கள். தண்ணீர்ச் சட்டம் 58, காற்றுச் சட்டம் 46, தீர்ப்பாயச் சட்டம் 29 ஆகிய பிரிவுகள் அந்த வாசலைச் சாத்திவைத்திருக்கின்றன.

நான்காம் படி: பாட்டிலைப் பாருங்கள்

இந்தப் படியில் நான் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். உங்கள் வழக்கின் உயிர் இங்கேதான் இருக்கிறது.

வாரியத்தின் உதவிப் பொறியாளர் கழிவுநீர் மாதிரி எடுக்க வருகிறார். தண்ணீர்ச் சட்டம் 21-ஆம் பிரிவு சொல்கிறபடி, பரிசோதனைக்காக மாதிரி எடுக்கப்போவதாக உங்களுக்கு எழுத்தில் அறிவிப்பு தர வேண்டும். உங்கள் கண்முன் மாதிரியை இரண்டாகப் பிரிக்க வேண்டும். இரண்டு பாட்டிலிலும் முத்திரை வைத்து, அவரும் நீங்களும் கையெழுத்துப் போட வேண்டும். ஒன்று வாரிய ஆய்வகத்துக்குப் போகும். நீங்கள் கேட்டால் மற்றது சட்டம் அங்கீகரித்த வேறொரு ஆய்வகத்துக்குப் போகும். இந்த முறை தவறினால், அந்த முடிவைச் சட்ட நடவடிக்கையில் சான்றாக ஏற்க முடியாது. காற்று மாதிரிக்கும் காற்றுச் சட்டம் 26-ஆம் பிரிவில் இதே போன்ற ஏற்பாடு இருக்கிறது.

நடைமுறையில் என்ன நடக்கிறது? மழைச் சாரலில் குடை பிடித்தபடி அவர் வாய்க்காலோரம் குனிகிறார். ஒரு பிளாஸ்டிக் கேனில் மொண்டு, ஜீப்பில் வைத்துக் கிளம்பிவிடுகிறார். உங்கள் மேஸ்திரி டீ கொடுத்து வழியனுப்புகிறார். இரண்டாவது பாட்டிலை யாரும் கேட்கவே இல்லை. ஆறு மாதம் கழித்து அந்தக் கேன் எண்தான் ரத்து ஆணையின் முதல் பத்தியில் வருகிறது.

அதிகாரியிடம் சண்டை போடச் சொல்லவில்லை. மரியாதையாகக் கேளுங்கள்: "சார், ரெண்டாவது பாட்டிலையும் சீல் பண்ணிக் கொடுத்திருங்க." எந்த இடத்தில் எடுத்தார், என்ன நேரம், அப்போது மழை பெய்ததா, ரோலர் கழுவிக்கொண்டிருந்தார்களா என்று ஒரு நோட்டில் எழுதி, இரண்டு பேர் கையெழுத்துப் போட்டு வையுங்கள். மலையில் மழை பெய்தால் கூரைத் தண்ணீரும் மேட்டிலிருந்து வரும் மண்ணும் சேர்ந்தே வாய்க்காலில் ஓடும். அந்தச் செம்மண் கலங்கல் உங்கள் கணக்கில் ஏறிவிடக்கூடாது.

முடிவு வந்ததும் எண்களைப் பாருங்கள். ஓடையில் விடும் கழிவுநீருக்குப் பொதுவான அளவுகோல் இது: அமில காரத்தன்மை 5.5 முதல் 9 வரை, மிதக்கும் திடப்பொருள் லிட்டருக்கு 100 மில்லிகிராம், பி.ஓ.டி. (கழிவைச் சிதைக்க நுண்ணுயிர்களுக்குத் தேவைப்படும் ஆக்சிஜன்) 30, சி.ஓ.டி. (கழிவை வேதிமுறையில் சிதைக்கத் தேவைப்படும் ஆக்சிஜன்) 250. நிலத்தில் பாய்ச்சினால் அளவு வேறு. உங்கள் இசைவாணையின் நிபந்தனைப் பக்கத்தில் எது எழுதியிருக்கிறதோ அதுதான் உங்களுக்குப் பொருந்தும். நிலத்தில் விட அனுமதித்துவிட்டு ஓடை அளவுகோலை வைத்து எடைபோட்டிருந்தால், அது மேல்முறையீட்டின் முதல் வாதம்.

ஐந்தாம் படி: குறையைச் சரிசெய்யுங்கள், வழக்கு முடியும்வரை காத்திருக்காதீர்கள்

சில வழக்கறிஞர்கள், "இப்போது எதையாவது கட்டினால் தப்பை ஒப்புக்கொண்டதாகும்" என்பார்கள். நான் அதை ஏற்கவில்லை. 1996-இல் வேலூர் தோல் தொழிற்சாலை வழக்கில் உச்ச நீதிமன்றம் இரண்டு கொள்கைகளை இந்த நாட்டின் சட்டம் என்று அறிவித்தது. முன்னெச்சரிக்கை ஒன்று, மாசுபடுத்தியவரே செலவை ஏற்பது மற்றொன்று. கெடுதல் இல்லை என்று நிரூபிக்கும் பொறுப்பு தொழில் செய்கிறவர் தலையில்தான் என்றும் அதே தீர்ப்பு சொன்னது. அந்தச் சுமையோடு வெறுங்கையாய்ப் போய் நிற்க முடியாது. "எங்கள் உரிமைகளுக்குப் பாதகமின்றி" என்று ஒரு வரி எழுதிவிட்டு, பழுதைச் சரிசெய்து, வேலைக்கு முன்னும் பின்னும் தேதியோடு படமெடுத்து வையுங்கள்.

மலைக்கென்று சில பழுதுகள் உண்டு. டிசம்பர், ஜனவரி உறைபனிக் காலத்தில் சுத்திகரிப்புத் தொட்டியில் கழிவைத் தின்னும் நுண்ணுயிர்கள் சோர்ந்துவிடும். கோயம்புத்தூரில் சரியாக ஓடுகிற அதே அளவுத் தொட்டி ஊட்டிக் குளிரில் பத்தாது. தண்ணீர் தொட்டியில் தங்கும் நேரத்தைக் கூட்ட வேண்டும். கூரைத் தண்ணீருக்குத் தனி வாய்க்கால் வேண்டும். பாய்லர் சாம்பலைச் சரிவில் கொட்டக்கூடாது, முதல் மழையில் அது கீழே இருக்கும் தோட்டத் தொழிலாளர் லைன் வீடுகளின் ஊற்றில் இருக்கும்.

இதைச் சொல்லும்போது எனக்கு எங்கள் ஃபேக்டரியின் பின்வாசல் வாய்க்கால்தான் நினைவுக்கு வருகிறது. தரை கழுவிய தண்ணீர் பழுப்பாக ஓடி, தேயிலைப் புதர்களுக்குள் மறைந்துவிடும். மறைந்துவிட்டது என்றே எல்லோரும் நினைத்தோம். கீழ்ச்சரிவில் ஒரு பாட்டி குடத்தை ஊற்றில் அமுக்கி, முதல் குடத்தைக் கொட்டிவிட்டு இரண்டாம் குடத்தை எடுத்துப் போவதை ஒருநாள் பார்த்தேன். ஏன் பாட்டி என்று கேட்டதற்கு, "மொதல் கொடத்துல ஒங்க டீத்தூள் வாடை வரும் சாமி" என்றார். வாரியம் சொன்ன குறை உண்மை. முறை தவறி நடவடிக்கை எடுத்ததும் உண்மை. இரண்டையும் சேர்த்தேதான் எதிர்கொள்ள வேண்டியிருந்தது.

ஆறாம் படி: மனுவில் என்ன எழுதுவது?

சுருக்கமாக எழுதுங்கள். எந்தத் தேதியில் எந்தக் காகிதம் வந்தது, என்ன பதில் கொடுத்தீர்கள், அந்தப் பதிலை ஆணை கணக்கில் எடுத்ததா என்பதுதான் முதுகெலும்பு. "பதில் திருப்திகரமாக இல்லை" என்ற ஒற்றை வரியோடு ஆணை முடிந்தால், ஏன் இல்லை என்ற காரணம் அதில் இல்லை என்று அடித்துச் சொல்லுங்கள். ஆணையில் இல்லாத காரணத்தைப் பிறகு பிரமாணப் பத்திரத்தில் சேர்த்து முட்டுக்கொடுக்க முடியாது. மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த இந்த விதி இன்றும் வாரியத்தைக் கட்டுப்படுத்துகிறது.

வேலை போகும், விவசாயி பாதிக்கப்படுவார் என்று பக்கம் பக்கமாக எழுதாதீர்கள். ஒரு பத்தி போதும், எண்ணோடு இருக்கட்டும்: எத்தனை விவசாயிகள் இலை போடுகிறார்கள், எத்தனை பேர் வேலை செய்கிறார்கள். எதையும் மறைக்காதீர்கள். பழைய அறிவிப்பு ஒன்றை மறைத்தது தெரிந்தால், அன்றோடு இடைக்கால நிவாரணம் போய்விடும்.

ஏழாம் படி: இடைக்காலத் தடை

முழுத் தடை கேட்டுக் கிடைக்காமல் திரும்புவதைவிட, கிடைக்கக்கூடியதைக் கேளுங்கள். சுத்திகரிப்பு நிலையத்தை ஓட்டவும் காவல் விளக்குக்கும் மட்டும் மின்சாரம். கையிலிருக்கும் சரக்கை முடிக்கச் சில நாள். பழுது பார்த்த பிறகு, வாரிய அதிகாரி முன்னிலையில் ஒரு சோதனை ஓட்டம். என் அனுபவத்தில் இந்த மூன்றும்தான் சீக்கிரம் கிடைக்கின்றன. சோதனை ஓட்டத்தில் எடுக்கும் மாதிரி நன்றாக வந்தால் வழக்கின் முகமே மாறிவிடும்.

உத்தரவு அமலில் இருக்கும்போது ஜெனரேட்டர் போட்டு ராத்திரியில் ஓட்டுகிறவர்கள் உண்டு. செய்யாதீர்கள். மலையில் பாய்லர் புகை பக்கத்து மேட்டிலிருந்தே தெரியும். அபராதமோ குற்ற வழக்கோ தனியாக வரும், நீதிமன்றத்தின் நம்பிக்கையும் போகும்.

எட்டாம் படி: கூட்டு ஆய்வும் இழப்பீடும்

தீர்ப்பாயம் பெரும்பாலும் ஒரு கூட்டுக் குழுவை ஆய்வுக்கு அனுப்பும். அறிக்கை வந்ததும் நகல் வாங்கி, எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள். தீர்ப்புச் சொல்லும் வேலையைக் குழுவிடம் ஒப்படைக்க முடியாது என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பாயத்துக்கே நினைவூட்டியிருக்கிறது.

சுற்றுச்சூழல் இழப்பீடு என்று ஒரு தொகையும் வரும். மத்திய வாரியத்தின் சூத்திரம் ஐந்து எண்களின் பெருக்கல். மாசின் அளவை வைத்துத் தொழில்களைப் பிரித்ததில் சிவப்பு வகைக்கு 80, ஆரஞ்சுக்கு 50, பச்சைக்கு 30. அந்த எண்ணை விதி மீறிய நாட்களின் எண்ணிக்கையால் பெருக்கி, வழக்கமாக 250 ரூபாயால் பெருக்கி, சிறு தொழில் என்றால் 0.5-ஆல் பெருக்கி, கடைசியாக ஊர் அளவுக்கான எண்ணால் பெருக்குவார்கள். சிற்றூருக்கு அது 1. ஆரஞ்சு வகைச் சிறு கூடத்துக்கு ஒரு நாளைக்கு 6,250 ரூபாய் வருகிறது. பச்சை வகைக்கு 3,750 வந்தாலும், குறைந்தபட்சம் நாளுக்கு 5,000 என்று வைத்திருக்கிறார்கள். இதில் சண்டை பெரும்பாலும் நாட்களின் எண்ணிக்கையில்தான். ஆய்வு நடந்த நாளிலிருந்து, பழுது நீங்கிய நாள் வரை. ஐந்தாம் படியில் எடுத்த தேதியிட்ட படங்கள் இங்கே பணமாக மாறும். இப்படி இழப்பீடு விதிக்க வாரியத்துக்கு அதிகாரம் உண்டு என்று 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்துவிட்டது. அதனால் அதிகாரத்தை எதிர்ப்பதைவிடக் கணக்கை எதிர்ப்பது பயன் தரும்.

தீர்ப்பாயத்தில் தோற்றால் உச்ச நீதிமன்றம் போகத் தொண்ணூறு நாள். சட்டக் கேள்வி இருந்தால் மட்டும் போங்கள்.

கீழே குடியிருப்பவர்களுக்கு

இதைப் படிப்பவர் ஆலைக்குக் கீழே வசிப்பவராகவும் இருக்கலாம். உங்களுக்கும் இந்த வழக்கில் இடம் உண்டு. பாதிக்கப்பட்டவர் என்று மனுப்போட்டு உங்களையும் ஒரு தரப்பாகச் சேர்க்கச் சொல்லுங்கள். ஊற்றுத் தண்ணீரை அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்தில் கொடுத்து முடிவு வாங்குங்கள். கொடைக்கானலில் 2001-இல் மூடப்பட்ட தெர்மாமீட்டர் ஆலை இதற்குச் சாட்சி. மூஞ்சிக்கல் பழைய சாமான் கடையில் பாதரசம் ஒட்டிய கண்ணாடித் துண்டுகள் குவிந்துகிடந்ததை ஊர் மக்கள் வெளிக்கொண்டு வந்த பிறகே ஆலை மூடியது. 2003-இல் பாதரசக் கழிவு டன் கணக்கில் கப்பலேறி அமெரிக்கா போனது. மண்ணைச் சுத்தம் செய்வதைப் பற்றிய சண்டை அதன்பிறகும் வருடக்கணக்கில் நீண்டது. தொழிலாளர்களுக்கான உடன்பாடு 2016-இல்தான் வந்தது. ஆலை மூடியதும் உங்கள் வேலை முடிந்துவிடாது. மண்ணும் தண்ணீரும் சுத்தமாகும்வரை வழக்கில் இருங்கள்.

ஜெயித்த பிறகு

கேட்காமல் போட்ட உத்தரவு என்று ரத்தானால், அநேகமாக "மீண்டும் கேட்டு முடிவெடுங்கள்" என்று வாரியத்துக்கே திருப்பி அனுப்புவார்கள். ரத்தானது உத்தரவுதான், இசைவாணை தானாகப் புதுப்பிக்கப்பட்டுவிடாது. சான்றிட்ட நகலோடு மாவட்ட அலுவலகம், பிறகு மின்வாரியம், பிறகு புதுப்பித்தல் விண்ணப்பம், இந்த வரிசையில் போங்கள்.

எங்கள் ஃபேக்டரிக்கு இணைப்புத் திரும்பி வர நாற்பத்தொரு நாள் ஆனது. சுவிட்ச் போட்ட அன்று முதலில் ஓடவிட்டது வாடல் விசிறியை அல்ல, புதிதாகக் கட்டிய தொட்டியின் காற்றுப் பம்பை. மூன்று நாள் அதைத் தனியாக ஓட்டி, வெளியே வந்த தண்ணீரை இரண்டு பாட்டிலில் பிடித்து அரக்கு வைத்த பிறகுதான் கொழுந்து வாங்கும் தராசை வாசலில் இறக்கினோம்.